‘சரி’ என்றால் சரிதானா?

மாலை ஐந்து மணி. வீட்டுக்காரர் காரியாலயத்திலிருந்து டெலிபோன் செய்கிறார். “இன்றைக்கு என் பழைய சிநேகிதர்கள் நாலு பேர் இராத்திரிச் சாப்பாட்டுக்கு வருகிறார்கள்” என்கிறார். மறு முனையில் ஒரு கணம் மௌனம். பிறகு, “சரி” என்று ஒரே ஒரு வார்த்தை வருகிறது.

அகராதியைப் புரட்டிப் பார்த்தால், ‘சரி’ என்பதற்குச் ‘சம்மதம்’ என்றுதான் பொருள் போட்டிருக்கும். “ஆமாம், சம்மதம் என்றுதான் சொன்னாள்” என்று வீட்டுக்காரர் நியாயஸ்தலத்தில் ஏறிச் சத்தியம் கூடச் செய்யலாம். ஆனாலும் அவருக்கு இல்லற தர்மத்தில் இரண்டு வருஷ அநுபவமாவது இருக்குமானால், டெலிபோனைக் கீழே வைத்ததும் அவர் செய்யும் முதற் காரியம், ஹோட்டலில் நாலு சாப்பாட்டுக்குச் சொல்லி வைப்பதுதான்!

அவர் கேட்டது ஒரு வார்த்தை. அறிந்து கொண்டது வேறு ஒரு விஷயம். இந்த விந்தை எப்படி நிகழ்ந்தது என்று சற்று ஆராய்ந்து பார்ப்போம்.

தமிழ் நாட்டில் ‘சரி’ என்பது ஒன்றல்ல. வெட்டினாற் போல் சட்டென்று சொன்னால் அது சம்மதம். ராகம் போட்டு இழுத்துச் சொன்னால், “கதை நன்றாயிருக்கிறது, மேலே சொல்லுங்கள்” என்று பொருள். குரலை உயர்த்தி நிறுத்தினால், “புரிந்ததா?” என்ற கேள்வி. “சரி, சரி” என்று இரட்டித்தால், “போதும், நிறுத்து” என்ற கட்டளை. பெருமூச்சோடு கலந்து வந்தாலோ, “என் தலையெழுத்து!” என்ற புலம்பல். எழுதிப் பார்த்தால் இரண்டே எழுத்துக்கள். இத்தனை வித்தியாசமும் குரலிலேதான் இருக்கிறது.

தொண்டையிலுள்ள குரல் நாண்கள், சாதாரணமாகப் பேசும்போது, ஆண்களுக்கு விநாடிக்குச் சுமார் 100 முதல் 130 தடவையும், பெண்களுக்குச் சுமார் 200 தடவையும் அதிர்கின்றன. நாண்கள் இறுகினால் சுருதி ஏறுகிறது, தளர்ந்தால் இறங்குகிறது. கோபத்திலும் பயத்திலும் உடம்பு முழுவதும் விறைக்கும்போது இவையும் இறுகி விடுகின்றன. நாவை அடக்கப் பழகியவர்கள் நம்மில் பலர் உண்டு. குரல் நாண்களை அடக்கப் பழகியவர்கள் சிறந்த நடிகர்கள் மட்டுமே.

சுருதி, வேகம், அழுத்தம், நிறுத்தம், பெருமூச்சு, கனைப்பு, சிரிப்பு எல்லாம் சேர்ந்த இந்தப் பரிவாரத்துக்கு, ஜார்ஜ் டிரேகர் என்ற அமெரிக்க அறிஞர் 1958-ம் வருஷத்தில் வெளியிட்ட ஒரு கட்டுரையில் இலக்கணம் வகுக்கப் பார்த்தார். ‘மொழிக்குப் பக்கத்திலே நிற்பது’ என்று பொருள்படும் ஒரு பெயரையும் அதற்கு வழங்கினார். பக்கத்திலே நிற்பது என்னவோ வாஸ்தவந்தான். ஆனால் கல்யாண ஊர்வலத்தில் மாப்பிள்ளைக்குப் பக்கத்திலே நிற்கும் மாமனாரைப் போல, காரியத்தையெல்லாம் நடத்துவது அதுவாகத்தான் இருக்கிறது!

தொட்டிலில் கற்ற சங்கீதம்

குழந்தை முதலில் கற்றுக் கொள்வது சொல்லை அல்ல, ராகத்தை. பிறந்து மூன்று தினங்கள் கூட ஆகாத சிசுக்கள், மற்றொரு மாதின் குரலைக் காட்டிலும் தங்கள் தாயின் குரலைக் கேட்பதிலேயே விருப்பம் காட்டுகின்றன என்று 1980-ம் வருஷத்தில் அமெரிக்காவில் வெளியான ஓர் ஆராய்ச்சி தெரிவித்தது. 2009-ம் வருஷத்தில் இன்னும் வேடிக்கையான ஓர் உண்மை வெளிப்பட்டது. பிறந்து சில தினங்களே ஆன 30 பிரெஞ்சுக் குழந்தைகளும் 30 ஜெர்மன் குழந்தைகளும் அழும் குரலைப் பதிவு செய்து ஒப்பிட்டுப் பார்த்தார்கள். பிரெஞ்சுக் குழந்தைகளின் அழுகை பெரும்பாலும் ஏறு முகமாகவும், ஜெர்மன் குழந்தைகளின் அழுகை இறங்கு முகமாகவும் இருந்தது. அந்த இரண்டு பாஷைகளின் பேச்சு ராகமும் அப்படிப்பட்டவைதாம். கருவிலே கேட்ட ராகத்தைக் குழந்தை அழுகையிலேயே பாடிக் காட்டுகிறது என்று ஆராய்ச்சியாளர்கள் கருதினார்கள்.

ஆகவே தாய் மொழி என்பது தாயின் சொல்லாவதற்கு முன்னால் தாயின் சுருதியாக இருக்கிறது. இவ்வளவு ஆழத்தில் வேரோடியிருப்பதனால்தான் அதைப் பற்றி நாம் யோசிப்பதே இல்லை. ஒருவர் பேசிய சொல்லைச் ‘சொன்னார்’ என்கிறோம். அவர் பேசிய ராகத்தையோ ‘அவர் குணமே அப்படி’ என்று தீர்மானித்து விடுகிறோம். இந்தத் தீர்மானத்தில் எவ்வளவு பெரிய அநீதி நேரக் கூடும் என்பதைப் பின்னால் பார்க்கப் போகிறோம்.

டெலிபோனில் வந்த அந்த ஒரு கண மௌனத்தையும் மறந்து விடக் கூடாது. 2009-ம் வருஷத்தில், ஜப்பானிலிருந்து மெக்ஸிகோ வரையில் பேசப்படும் பத்து மொழிகளில், ஒருவர் கேள்வி கேட்டு முடித்ததற்கும் மற்றவர் பதில் தொடங்குவதற்கும் இடையிலுள்ள காலத்தை அளந்தார்கள். சராசரியாக அது ஒரு விநாடியில் ஐந்தில் ஒரு பங்குதான்! கண்ணை ஒரு முறை இமைப்பதற்குள் பதில் கிளம்பி விடுகிறது. சம்மதமான பதில் விரைந்தும், மறுப்பான பதில் தயங்கியும் வருவது அந்த மொழிகளில் பொதுவான வழக்கமாய் இருந்தது. நம் வீட்டுக்காரர் இந்த ஆராய்ச்சியைப் படித்தவர் அல்ல. ஆயினும் அரை விநாடி மௌனத்தைக் கேட்டதுமே அவர் நெஞ்சு திக்கென்றது.

இந்த இடத்தில் ஓர் எச்சரிக்கை செய்ய வேண்டும். “மனிதன் தெரிவிப்பதில் வார்த்தைகளுக்கு உள்ள பங்கு 7 சதவிகிதந்தான், குரலுக்கு 38, முகத்துக்கு 55” என்று மேடைகளில் முழங்குவோர் உண்டு. இந்தக் கணக்கு ஆல்பர்ட் மெஹ்ராபியன் என்னும் மனோதத்துவ நிபுணர் 1967-ம் வருஷத்தில் வெளியிட்ட பரிசோதனைகளிலிருந்து வந்தது. ஒற்றை ஒற்றைச் சொற்களை வெவ்வேறு குரலில் சொல்லக் கேட்டு, பேசியவரின் விருப்பு வெறுப்பை ஊகிக்கும்படி செய்த பரிசோதனைகள் அவை. எல்லாப் பேச்சுக்கும் இந்தக் கணக்கைப் பொருத்தக் கூடாது என்று அவரே எச்சரித்திருக்கிறார். பொருந்துமானால், சீன பாஷை ஓர் எழுத்தும் தெரியாதவர் கூட ஒரு சீனப் பிரசங்கத்தைக் கேட்டு 93 சதவிகிதம் விளங்கிக் கொண்டு எழுந்து வரலாமே!

சொல்லுக்கு மதிப்பு உண்டு. ஆனால் சொல்லும் குரலும் முரண்பட்டு நின்றால், கேட்பவர் குரலையே நம்புகிறார். விஷயம் அவ்வளவுதான்.

நன்னூலார் கண்ட விடைகள்

குரல் ஒரு பக்கம் இருக்க, சொல்லாமற் சொல்லும் வித்தை ஒன்றும் இருக்கிறது. இதற்கு நம் பாஷையில் ‘குறிப்பு’ என்று அழகான பெயர். திருவள்ளுவர் இதற்கு எவ்வளவு முக்கியம் கொடுத்தார் என்பதற்கு ஒரு சான்று போதும். ‘குறிப்பறிதல்’ என்ற ஒரே தலைப்பில் அவர் இரண்டு அதிகாரங்கள் இயற்றியிருக்கிறார். ஒன்று பொருட்பாலில், 71-வது அதிகாரம். அரசனுடைய கருத்தை அறிவது பற்றியது. மற்றொன்று காமத்துப்பாலில், 110-வது அதிகாரம். காதலியின் கருத்தை அறிவது பற்றியது. ராஜ சபையிலும் காதலிலும் தேவைப்படும் திறமை ஒன்றே என்பது வள்ளுவர் கருத்துப் போலும்!

பதின்மூன்றாம் நூற்றாண்டில் நன்னூல் செய்த பவணந்தி முனிவர் இந்த வித்தைக்கு ஒரு ஜாபிதாவே தயாரித்து விட்டார். வினா ஆறு வகை என்று அவர் சொல்கிறார். பள்ளிக்கூடத்தில் இதை நெட்டுருப் போட்டு மறந்தவர்கள் இப்போது சற்று நினைவுபடுத்திக் கொள்ளலாம். மளிகைக் கடையில் போய், “துவரம் பருப்பு இருக்கிறதா?” என்று கேட்பது கொளல் வினா. கேட்பவர் அந்தக் கடையின் இருப்புக் கணக்கை ஆராய வந்தவர் அல்ல; பருப்பு வாங்க வந்தவர். குளிரில் நடுங்கும் பையனிடம், “உனக்குச் சட்டை இல்லையா, அப்பா?” என்று கேட்பது கொடை வினா. விளையாடிக் கொண்டிருக்கும் பிள்ளையிடம் தகப்பனார், “பாடம் படித்தாயிற்றா?” என்று கேட்பது ஏவல் வினா. மூன்றும் உருவத்தில் கேள்விகள். உள்ளத்தில் ஒன்று வேண்டுகோள், ஒன்று தர்மம், ஒன்று உத்தரவு.

விடைகளை நன்னூலார் எட்டாக வகுத்தார். “இதைச் செய்வாயா?” என்ற கேள்விக்கு, “செய்வேன்” என்றும் “மாட்டேன்” என்றும் நேராகச் சொல்லலாம். ஆனால் எத்தனை பேர் அப்படிச் சொல்கிறோம்? “நீயே செய்” என்று ஏவுவார் ஒருவர். “செய்யாமல் இருப்பேனா?” என்று எதிர்க் கேள்வி போடுவார் இன்னொருவர். “உடம்பு நோகிறது” என்று தமக்கு உற்றதை உரைப்பார் மற்றொருவர். “கை வலிக்குமே” என்று இனி வரப் போவதைக் கூறுவார் வேறொருவர். “அதைச் செய்வேன்” என்று பக்கத்திலுள்ள வேலையைக் காட்டுவார் மேலும் ஒருவர். இவற்றில் எதிலும் ‘ஆம்’ என்றோ ‘இல்லை’ என்றோ சொல்லே கிடையாது. ஆயினும் இவையெல்லாம் விடைதாம் என்று முனிவர் முத்திரை வைத்து விட்டார்.

1967-ம் வருஷத்தில் அமெரிக்காவின் ஹார்வர்டு சர்வகலாசாலையில், பால் கிரைஸ் என்னும் ஆங்கிலத் தத்துவ அறிஞர் இதே விஷயத்தைப் பற்றிச் சில பிரசங்கங்கள் நிகழ்த்தினார். நன்னூலார் விடைகளை வகைப்படுத்தினார். அவை விடையாவது எப்படி என்பதற்குக் கிரைஸ் காரணம் கூறினார். சம்பாஷணை என்பது இருவர் கூடிச் செய்யும் காரியம். எதிரே உள்ளவர் பொருத்தமாகவும் போதுமான அளவும் பேசுவார் என்ற நம்பிக்கையோடுதான் நாம் காது கொடுக்கிறோம். அவர் பொருந்தாத எதையோ சொல்வது போல் தோன்றினால், உடனே, “ஏன் இப்படிச் சொன்னார்?” என்று உள்ளே தேடுகிறோம். அவர் தரும் உதாரணம் ஒன்று வேடிக்கையானது. தத்துவ ஆசிரியர் வேலைக்கு மனுச் செய்த மாணவனைப் பற்றி அவனுடைய குரு எழுதும் நற்சாட்சிப் பத்திரத்தில், ‘இவன் ஆங்கிலம் நன்றாக அறிந்தவன்; வகுப்புக்குத் தவறாமல் வந்தவன்’ என்று மட்டும் இருக்கிறது. பையனுக்கு வேலை கிடைக்காது என்று சொல்லவும் வேண்டுமா?

ஆக, குறிப்பு மொழி என்பது பரஸ்பர நம்பிக்கை என்னும் அஸ்திவாரத்தின் மேல் நிற்கிறது. எதிராளி நல்லெண்ணத்துடனேதான் பேசுகிறார் என்று வைத்துக் கொண்டால், அவர் சொல்லாததும் விளங்கும். அந்த நம்பிக்கை போய் விட்டால், சொன்னது கூட விபரீதமாகும். இதற்கு இரண்டு உண்மைச் சம்பவங்களைச் சொல்கிறேன்.

நார்வே தேசத்து மாது

1940-ம் வருஷம் ஏப்ரல் மாதத்தில் ஜெர்மன் சைன்யம் நார்வே தேசத்துக்குள் புகுந்தது. 1945-ம் வருஷம் மே மாதம் வரையில் அந்தச் சிறு தேசம் அந்நியர் ஆதிக்கத்தில் தவித்தது. 1941-ம் வருஷத்தில் நிகழ்ந்த ஓர் ஆகாய விமானத் தாக்குதலில், வெடிகுண்டின் சிதறல் ஒன்று ஓர் இளம் மாதின் தலையில் இடப் பக்கத்தைத் தாக்கியது. உயிர் பிழைத்தாள். ஆனால் வலது கை கால்கள் விளங்கவில்லை. பேச்சும் நின்று போயிற்று. நாளடைவில் கை கால்கள் ஓரளவு தேறின. பேச்சும் திரும்பி வந்தது. சொற்கள் வந்தன, ராகம் மட்டும் மாறி வந்தது.

நார்வே மொழியில் ராகம் வெறும் அலங்காரம் அல்ல. ஒரே ஒலியுள்ள சொல் ஒரு சுருதியில் ‘குடியானவர்கள்’ என்றும், வேறொரு சுருதியில் ‘அவரை விதைகள்’ என்றும் பொருள்படும். அந்தச் சுருதி பிறழ்ந்து போனதால், அவள் பேச்சு அந்நிய தேசத்தார் பேச்சைப் போல் ஒலித்தது. கேட்டவர்கள் அவளை ஜெர்மன் பெண் என்றே எண்ணினார்கள்!

நாட்டைப் பறி கொடுத்த ஜனங்களின் மனம் அப்போது எப்படி இருந்திருக்கும் என்று நமக்குச் சொல்லித் தெரிய வேண்டியதில்லை. கடைகளில் அவளுக்குச் சாமான் கொடுக்க மறுத்தார்கள். அவளோ சொந்த நாட்டை விட்டு வெளியே அடி வைத்தவள் அல்ல. அந்நியரோடு பழகியவளும் அல்ல. பிறந்த மண்ணில், தன் தாய் மொழியில், தன் ஜனங்களிடம் பேசிய பேச்சுக்காக அவள் எதிரியாகக் கருதப்பட்டாள். மான்ராட்-க்ரோன் என்னும் நார்வே வைத்தியப் பேராசிரியர் அவளைப் பரிசோதித்து, 1947-ம் வருஷத்தில் ‘பிரெயின்’ என்ற வைத்தியப் பத்திரிகையில் அந்த விவரங்களை எழுதினார். பேச்சின் ராகத்துக்கும் மூளைக்குமுள்ள சம்பந்தத்தைப் பற்றிய ஆராய்ச்சியில் இன்றளவும் அந்தக் கட்டுரையை எடுத்துக் காட்டுகிறார்கள்.

அந்தக் கடைக்காரர்களைக் கெட்டவர்கள் என்று சொல்ல நமக்கு மனம் வரவில்லை. தங்கள் தேசத்திடம் கொண்ட அன்பினாலேயே அப்படி நடந்தார்கள். அவர்கள் செய்த பிழை ஒன்றுதான். ராகத்தைக் கேட்டார்கள், ஆளைக் கேட்கவில்லை.

ஒரு சொல்லால் வந்த வழக்கு

இரண்டாவது சம்பவம் நமக்கு இன்னும் நெருங்கியது. 1970-களில், இங்கிலாந்தில் ஒரு பெரிய விமான நிலையத்தில் சிப்பந்திகளுக்கான சாப்பாட்டுச் சாலை ஒன்று இருந்தது. அதில் பரிமாறும் வேலைக்கு இந்தியாவிலிருந்தும் பாகிஸ்தானிலிருந்தும் குடியேறிய பெண்கள் சிலரைப் புதிதாக அமர்த்தினார்கள். சில நாளைக்குள் புகார்கள் கிளம்பின. “இந்தப் பெண்கள் சிடுசிடுக்கிறார்கள், மரியாதை தெரியவில்லை, ஒத்துழைப்பதில்லை” என்று மேற்பார்வையாளர்களும், சாமான் ஏற்றி இறக்கும் தொழிலாளர்களும் சொன்னார்கள். அந்தப் பெண்களோ, “எங்கள் வேலையைச் சரியாகத்தான் செய்கிறோம். எங்களை வேற்றுமையாக நடத்துகிறார்கள்” என்று மனம் புழுங்கினார்கள்.

ஜான் கம்பர்ஸ் என்ற அறிஞர் இந்த வழக்கை ஆராய்ந்தார். ஜெர்மனியில் பிறந்து அமெரிக்காவில் குடியேறியவர். 1950-களில் வட இந்தியக் கிராமம் ஒன்றில் தங்கி ஜனங்களின் பேச்சு வழக்கைக் கற்றவர். பரிமாறும் இடத்தில் நடந்த பேச்சைப் பதிவு செய்து கேட்டபோது, ஒரு விந்தை தெரிந்தது. வாடிக்கைக்காரருக்கும் பரிமாறும் பெண்ணுக்கும் இடையே நடந்த சம்பாஷணை மிகச் சொற்பம். பல சமயம் ஒரே வார்த்தைதான்: ‘கிரேவி’. மாமிசத்தின் மேல் ஊற்றும் குழம்புக்கு அந்தப் பெயர். ஆங்கிலப் பெண் அந்த வார்த்தையைச் சொல்லும்போது குரலை ஏற்றி முடித்தாள். “கிரேவி ஊற்றட்டுமா?” என்று அதற்கு அர்த்தமாயிற்று. நம் பெண்கள் அதே சொல்லை, குரலை இறக்கி முடித்தார்கள். ஆங்கிலேயர் செவிக்கு அது, “இது கிரேவி, வேண்டுமானால் எடுத்துக் கொள்” என்று முகத்தில் அடித்தாற் போல் கேட்டது.

ஒலிப்பதிவை அந்தப் பெண்களுக்குப் போட்டுக் காட்டியபோது, “இரண்டும் ஒன்றுதானே, என்ன வித்தியாசம்?” என்று முதலில் வியந்தார்கள். அவர்கள் வழக்கப்படி, அந்த இடத்தில் குரலை இறக்கிக் கேட்பதுதான் இயல்பான கேள்வி. விஷயம் விளங்கியதும், அதுவரை தங்களிடம் பிறர் ஏன் கடுகடுத்தார்கள் என்ற மர்மமும் விளங்கியது. மேற்பார்வையாளர்களும் அந்தப் பெண்களின் உள்ளத்தில் அவமரியாதை எதுவும் இருக்கவில்லை என்பதை அறிந்து கொண்டார்கள். இப்படிப்பட்ட தவறுகளைப் பற்றி 1979-ம் வருஷத்தில் பி.பி.சி. ‘கிராஸ்டாக்’ என்ற படம் ஒன்றை ஒளிபரப்பியது. 1982-ம் வருஷத்தில் வெளியான கம்பர்ஸின் புத்தகத்தில் இந்தச் சம்பவம் இடம் பெற்றது.

இதனால், அந்நிய நாட்டில் நம்மவரை இழிவாய் நடத்துவதெல்லாம் சுருதிப் பிசகுதான் என்று யாரும் முடிவு கட்டி விடக் கூடாது. நிறத் துவேஷமும் இன வெறியும் உலகில் உண்டு; அவற்றுக்குச் சங்கீதப் பாடம் மருந்தாகாது. ஆனால் துவேஷத்துக்குத் தீனி போடுவது இப்படிப்பட்ட சின்னஞ் சிறு தவறுகள் என்பதை மறுக்க முடியாது. தினம் நூறு தடவை ‘கிரேவி’ என்ற சொல் தப்பாய் விழுந்தால், வருஷ முடிவில் ஒரு ஜாதியே மரியாதை கெட்டது என்ற முடிவுக்கு வருவது மனித சுபாவம்.

தமிழருக்கும் இதில் பாடம் உண்டு. நாம் கேள்வியை ‘ஆ’ என்ற ஓர் எழுத்தில் அடக்கி விடுகிறோம். “குழம்பா?” என்றால் போதும், குரல் ஏறினாலும் இறங்கினாலும் அது கேள்வியே. மரியாதையையும் அப்படியே வினைச் சொல்லின் வாலில் கட்டி விட்டோம். ‘கொடு’, ‘கொடேன்’, ‘கொடுங்கள்’, ‘கொடுக்கிறீர்களா?’ என்று படிப்படியாக வினயம் கூடுகிறது. ‘தயவு செய்து’ என்று தனியாக ஒரு சொல் வீட்டுக்குள் நமக்குத் தேவைப்படுவதில்லை. தண்ணீர் கொடுத்த தாயாருக்கு ‘வந்தனம்’ சொன்னால், “உனக்கு உடம்பு சரியில்லையா?” என்று அவள் நெற்றியைத் தொட்டுப் பார்ப்பாள்! இந்தப் பழக்கத்தோடு ஒரு தமிழ் இளைஞன் லண்டனுக்குப் போய், மனத்தில் ‘கொடுங்கள்’ என்று நினைத்து, வாயில் ஆங்கிலத்தில் ‘கொடு’ என்று சொல்லி விடுகிறான். மரியாதையெல்லாம் கப்பலிலேயே தங்கி விடுகிறது.

“அப்பா இருக்கிறாரா?”

இங்கிலாந்து வரையில் போக வேண்டாம். நம் வீட்டுக் கூடத்திலேயே இந்த வழக்கு நடக்கிறது. டெலிபோன் மணி அடிக்கிறது. பத்து வயதுப் பையன் எடுக்கிறான். “அப்பா இருக்கிறாரா?” என்று ஒருவர் கேட்கிறார். “இருக்கிறார்” என்று சொல்லி, டெலிபோனை வைத்து விடுகிறான். வீட்டில் எல்லோரும் சிரிக்கிறார்கள்.

அதே பையன் பள்ளிக்கூடத்துக்கு நேரம் கழித்துப் போகிறான். “இப்போது மணி என்ன, தெரியுமா?” என்று ஆசிரியர் உறுமுகிறார். “தெரியும் ஸார், ஒன்பதே கால்” என்று பையன் பணிவாகப் பதில் சொல்கிறான். இந்தத் தடவை சிரிப்பு இல்லை. “அதிகப்பிரசங்கி!” என்ற பட்டமும், பெஞ்சு மேல் ஏறி நிற்கும் தண்டனையும் கிடைக்கின்றன. அவன் கேட்ட கேள்விக்குச் சரியான விடையையே சொன்னான் என்பதை யாரும் கவனிப்பதில்லை.

ஆட்டிஸம் உள்ள குழந்தைகள் பலருக்குக் குரலின் ஏற்ற இறக்கத்தையும் சொல்லின் குறிப்பையும் பிடிப்பது கடினம். ஆட்டிஸம் இல்லாமலே இந்த ஒரு சங்கடம் மட்டும் உள்ள குழந்தைகளும் உண்டு. அதைத் தனியொரு குறைபாடாக அமெரிக்க மனோவைத்திய சங்கம் 2013-ம் வருஷத்து நூலில் சேர்த்தது. செவிப்புலன் குறைந்து, உட்செவியில் மின் கருவி பொருத்திக் கொண்டவர்களுக்குச் சொற்கள் நன்றாகக் கேட்டாலும், சுருதி வித்தியாசம் அவ்வளவு தெளிவாகக் கேட்பதில்லை. இவர்களெல்லாம் வேண்டுமென்றே முரண்டு பண்ணுகிறவர்கள் அல்ல. நாம் மூச்சு விடுவது போல் செய்யும் ஒரு காரியத்தை அவர்கள் கணக்குப் போடுவது போல் செய்கிறார்கள்.

தாமே ஆட்டிஸம் உள்ளவரான டேமியன் மில்டன் என்ற ஆங்கிலேய ஆராய்ச்சியாளர் 2012-ம் வருஷத்தில் ஒரு முக்கியமான கேள்வியை எழுப்பினார். “எங்களுக்கு உங்களைப் புரியவில்லை என்கிறீர்கள். உங்களுக்கு எங்களைப் புரிகிறதா?” என்பது அவர் வாதத்தின் சாரம். புரியாமை இரண்டு பக்கத்திலும் இருக்கும்போது, குற்றத்தை ஒரு பக்கத்தின் மேல் மட்டும் சுமத்துவது எந்த ஊர் நியாயம்? ஆசிரியர், “இனிமேல் ஒன்பது மணிக்கு வந்து விட வேண்டும், தம்பி” என்று நேராகச் சொல்லியிருந்தால், அந்தப் பையனைப் போல் உத்தரவுக்குக் கீழ்ப்படியும் மாணாக்கன் வகுப்பிலேயே கிடைக்க மாட்டான். குறிப்பு விளங்காத குழந்தைக்கு, “அப்பா இருக்கிறாரா என்று கேட்டால், அவரைக் கூப்பிடு என்று அர்த்தம்” என்று நாடகம் போல் நடித்துக் காட்டிச் சொல்லிக் கொடுக்கலாம். நன்னூல் சூத்திரத்துக்கு இதைக் காட்டிலும் நல்ல உபயோகம் வேறு என்ன இருக்கிறது?

இந்தக் காலத்தில் குரலே இல்லாத சம்பாஷணை வேறு பெருகி விட்டது. கைத் தொலைபேசியில் எழுத்தால் செய்தி அனுப்புகிறோம். ஒற்றை வார்த்தைப் பதிலின் முடிவில் முற்றுப் புள்ளி வைத்தால், படிப்பவர்கள் அதை மனப்பூர்வமான பதில் அல்ல என்று கொள்கிறார்கள் என்பதாக 2016-ம் வருஷத்தில் ஓர் அமெரிக்க ஆராய்ச்சி கண்டது. கேட்கக் குரல் கிடைக்காதபோது, புள்ளியில் கூட நம் மனம் குரலைத் தேடுகிறது! சகோதரனின் ‘சரி.’ என்ற செய்தியில் அலட்சியத்தைக் கண்டு ஆறு மாதம் பேசாமலிருக்கும் சகோதரிகள் இருந்தால் ஆச்சரியப்படுவதற்கில்லை.

குரலை நம்பாதே என்று சொல்வதற்காக இதையெல்லாம் எழுதவில்லை. குரலை நம்பாமல் நம்மால் ஒரு நாளும் வாழ முடியாது. ஆனால் குரல் ஒரு சாட்சி, நீதிபதி அல்ல. சாட்சியைக் குறுக்கு விசாரணை செய்யாமல் தீர்ப்பு எழுதக் கூடாது. நார்வே தேசத்துக் கடையில் ஒருவர், “அம்மா, உனக்கு எந்த ஊர்? உன் பேச்சு ஏன் இப்படி இருக்கிறது?” என்று கேட்டிருந்தால், அந்தப் பெண் வெறுங் கையோடு திரும்பியிருக்க மாட்டாள். “கோபமா?” என்று ஒரு வார்த்தை கேட்பதில் யாருக்கும் கௌரவம் குறைந்து விடாது.

நம் வீட்டுக்காரர் என்ன ஆனார் என்று கேட்கிறீர்களா? இரவு எட்டு மணிக்கு, நாலு சிநேகிதர்களும் ஹோட்டல் சாப்பாட்டுப் பொட்டலங்களும் சூழ அவர் வீடு போய்ச் சேர்ந்தார். கூடத்தில் இலை போட்டு, வடை பாயசத்துடன் சமையல் தயாராக இருந்தது. பொட்டலங்களைப் பார்த்த வீட்டு அம்மாள், “இது என்ன? நான்தான் சரி என்று சொன்னேனே!” என்றாள்.

“சொன்னாய்... ஆனால் கொஞ்சம் யோசித்து, ஒரு மாதிரியாகச் சொன்னாயே?”

“யோசித்தேனா? நன்றாயிருக்கிறது! அடுப்பிலே பால் பொங்கிக் கொண்டிருந்தது. இறக்கி வைத்து விட்டுப் பதில் சொன்னேன்.”

இந்தக் கட்டுரையின் தொடக்கத்தில் அந்த ‘சரி’யைக் கேட்டபோது, நேயர்களே, நீங்கள் அந்த அம்மாளைப் பற்றி என்ன தீர்மானம் செய்தீர்கள்?